திருவிழா மொட்டையும் முதிராத வெண்குழியங்களும்

புதிதாக நியமனம் பெற்று இரத்தப் பரிசோதனைக் கூடத்துக்குள் காலடி வைத்திருக்கும் தம்பி தங்கச்சிமாருக்கு, மெஷினை எப்படி ஓட்டுவது என்று நான் சொல்லப்போவதில்லை. அதை விற்றவர்களே வந்து காட்டுவார்கள், பழுதானால் திரும்பவும் வந்து திருத்துவார்கள். நான் ஓய்வு பெற்றபோது இருந்த மெஷின் இப்போது மூலைக்குப் போயிருக்கும். எந்த மெஷினாக இருந்தாலும் அதன் குணம் ஒன்றுதான். ஒரு சந்தேகத்தைக் கிளப்பிவிட்டு அது தன் பாட்டில் அடுத்த குழாயை எடுத்துக்கொள்ளும். அந்தச் சந்தேகத்தோடு மல்லுக்கட்டுவது எங்கள் வேலை.

அப்படிக் கிளப்பும் சந்தேகங்களில் ஆளைக் குலைக்கிற ஒன்று, முதிராத வெண்குழியங்கள், அதாவது வளர்ந்து முடியாத வெள்ளை இரத்தக் கலங்கள். நீங்கள் படித்துப் பாஸ் பண்ணியவர்கள், ஆனால் வீட்டில் அம்மா கேட்டால் எப்படிச் சொல்வீர்கள்? நான் இப்படித்தான் சொல்வேன். நயினாதீவில் திருவிழா அன்னதானத்துக்குச் சனம் அளவுக்கு மிஞ்சி வந்துவிட்டால், அடுப்பில் இருக்கிற சோறு பதமாகுமுன்னமே பந்திக்கு வந்துவிடும். கிருமி உள்ளே வந்தால், எலும்புக்குள் இருந்து இரத்தக் கலங்களை ஆக்குகிற எங்கள் என்பு மச்சையும் அதைத்தான் செய்கிறது. முதிர்ந்த வெண்குழியங்கள் போதாமல் போக, இன்னும் முதிராததுகளையும் இரத்தத்துக்குள் இறக்கிவிடுகிறது. அதில் பயப்பட ஒன்றுமில்லை, அது உடம்பு விழித்திருக்கிறது என்பதற்கு அடையாளம். ஆனால் பந்தியில் ஒரு சனமும் இல்லாத நாளிலும் பச்சை அரிசியே இலைக்கு வந்துகொண்டிருந்தால், குசினிக்குள் ஏதோ பெரிய கோளாறு. இரத்தப் புற்றுநோயில் நடப்பது அது. இரண்டிலும் கண்ணாடித் தட்டில் தெரிவது முதிராத கலங்கள்தான். எது எது என்று பிரிப்பதில்தான் எங்கள் தொழிலே இருக்கிறது.

பிள்ளை பெற்ற தாய்மாருக்கும் இந்தக் கலங்கள் கொஞ்சம் தெரியும். பெரிய சத்திரசிகிச்சைக்குப் பிறகும் தெரியும். மூச்சிழுப்புக்கு மருந்து எடுப்பவர்களுக்கும் தெரியலாம். ஆகவே, குழாயோடு வருகிற துண்டில் ஒன்றும் எழுதியிராவிட்டால் நீங்கள் பாதிக் கண்ணை மூடிக்கொண்டுதான் பார்க்கிறீர்கள்.

நான் வேலை செய்தது தீவுப்பகுதியில், ஒரு சிறிய வைத்தியசாலை. இரத்தவியல் நிபுணர் பட்டணத்தில் இருந்தார். பொறுமை கொஞ்சமும் இல்லாத பெண்மணி. நாங்கள் தொலைபேசியில் எண்களை வாசிக்கத் தொடங்கினால் இடையில் வெட்டி, "ஆள் எப்பிடி இருக்கிறார்?" என்று கேட்பார். தெரியாது என்றால், "பாத்திட்டு எடுங்கோ" என்று வைத்துவிடுவார். ஒருமுறை நெடுந்தீவிலிருந்து ஒரு சின்னப் பிள்ளையின் இரத்தம் வந்தது. கலங்கள் உருமாறி, வீங்கி, பார்க்கவே பயங்கரமாக இருந்தன. எல்லாரும் கூடி நின்று தலையில் கை வைத்தோம். தொலைபேசியில் நிபுணர் கேட்டது ஒரே கேள்வி. "கடல் எப்பிடி?" கடல் கொந்தளித்து, படகு ஓடாமல், குழாய் ஒரு நாள் முழுக்க இறங்குதுறை வெக்கையில் கிடந்து வந்திருந்தது. கலங்கள் நோயால் கெடவில்லை, காத்திருந்து கெட்டிருந்தன. புது இரத்தம் எடுப்பித்துப் பார்த்தபோது பிள்ளைக்கு வெறும் சளிக்காய்ச்சல். அதற்குப் பிறகு நெடுந்தீவில் இரத்தம் எடுத்த கையோடே கண்ணாடித் தட்டில் பூசிக் காயவைத்து அனுப்பச் செய்தோம். கடல் காற்றுக்கு நன்றாகவே காய்ந்து வரும்.

இனி, நான் உண்மையில் சொல்ல வந்த விசயத்துக்கு வருகிறேன். பெயர்களை மாற்றியிருக்கிறேன். சம்பந்தப்பட்டவர்களே இன்று இதைச் சொல்லிச் சிரிப்பதால், நான் எழுதுவதில் பிழையில்லை என்று நினைக்கிறேன்.

கனகு அண்ணை நயினாதீவுக்காரர். குறிகட்டுவானுக்கும் நயினாதீவுக்கும் இடையில் படகு ஓட்டுபவர். அந்தக் கடலைக் கடந்த எவருக்கும் அவர் குரல் தெரியும். அந்த வருசம் இடுப்பில் நாரிப்பிடிப்பு என்று சொல்லிச் சுக்கானைத் தம்பியின் மகனிடம் கொடுத்துவிட்டு, முன்பக்கத்தில் ஒரு தொப்பியோடு உட்கார்ந்திருப்பார். தொப்பிக்குக் கீழே மொட்டை. மூத்த மகளுக்கு நல்ல இடத்தில் கலியாணம் சரிவர வேண்டும் என்று அம்மனுக்கு நேர்த்தி வைத்து, ஆனித் திருவிழாவில் அடித்த மொட்டை என்று அவரே எல்லாருக்கும் சொன்னார். திருவிழாவுக்குத் தீவில் பாதித் தலைகள் மொட்டையாகத்தான் திரியும். ஆதலால் அதை யாரும் ஒரு சேதியாக எடுக்கவில்லை, நானும்தான்.

ஒரு நாள் காலை அவர் வெளிநோயாளர் பிரிவுக்கு வந்து, உடம்பு அலுப்பாக இருக்கிறது, இரத்தம் பார்க்க வேண்டும் என்று கேட்டிருக்கிறார். புதிதாக வந்த பெண் டொக்டர் 'அலுப்பு' என்று மட்டும் எழுதி எங்களிடம் அனுப்பினார். இரத்தம் எடுத்தவன் சுதன். பட்டணத்துப் பெடியன், நியமனம் கிடைத்துச் சில மாதங்கள்தான், வேலையில் கெட்டிக்காரன். மெஷின் அலறியது. சுதன் தட்டைப் பூசி, சாயம் போட்டு, நுணுக்குக்காட்டியில் குனிந்தவன் நிமிரவே இல்லை. நிமிர்ந்தபோது முகம் வெளிறியிருந்தது.

"அக்கா, இதைக் கொஞ்சம் பாருங்கோ."

பார்த்தேன். வெண்குழியங்கள் ஏராளம். முதிர்ந்தவை, பாதி முதிர்ந்தவை, அதற்கும் இளையவை, எல்லாவற்றுக்கும் இளையதாய் ஒன்றிரண்டு. ஈமோகுளோபின் குறைவு. இரத்தத்தை உறையவைக்கும் குருதிச் சிறுதட்டுகளும் குறைவு. இந்த மூன்றும் சேர்ந்து வந்தால் பாடப்புத்தகம் என்ன சொல்லும் என்று உங்களுக்குத் தெரியும்.

"லூக்கீமியா எண்டுதான் நினைக்கிறன்," என்றான் சுதன். "டொக்டருக்கு உடனை எடுத்துச் சொல்லட்டோ?"

அவன் கேட்டது சரியான கேள்வி. இப்படி ஒரு முடிவைக் கையில் வைத்துக்கொண்டு இருக்கக்கூடாது. ஆனால் தட்டில் ஏதோ ஒன்று எனக்கு இடித்தது. தீவிரமான இரத்தப் புற்றுநோயில் பெரும்பாலும் மிக இளையதுகள் குவிந்து கிடக்கும், நடு வயதுக்காரர்கள் காணாமல் போயிருப்பார்கள். இங்கே எல்லா வயதும் ஒழுங்காக வரிசையில் நின்றன. கலங்களுக்குள் குருணைகள் தடிப்பாகக் கறுத்திருந்தன. கடுமையாக வேலை வாங்கப்பட்ட மச்சையில் இருந்து வருபவை அப்படித்தான் இருக்கும். அதற்காகப் புற்றுநோய் இல்லை என்று சொல்ல ஏலாது. மெல்ல வளரும் வகையிலும் எல்லா வயதும் தெரியும். வேறு எங்கோ இருந்த நோய் மச்சைக்குள் இறங்கினாலும் இப்படி வரலாம். தட்டு தனக்குத் தெரிந்ததைச் சொல்லிவிட்டது, மிச்சம் ஆளிடம்தான் இருந்தது.

எழும்பிப் போய் யன்னலால் பார்த்தேன். கனகு அண்ணை வெளியே நோயாளர் இருக்கும் நீள வாங்கில் இருந்தார். அங்கே காற்றாடி பழுதாகி நின்றிருந்ததால் தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டிருந்தார். காய்ச்சல்காரனின் சோர்வு இல்லை. பக்கத்தில் இருந்தவரோடு கதையும் சிரிப்பும்தான். தலை வழுவழு என்று இருந்தது. நான் திரும்பி எங்கள் சுதனைப் பார்த்தேன். வேலை கிடைத்ததற்காக அவனும் அதே திருவிழாவில், அதே கோயிலில் மொட்டை அடித்தவன். இப்போது சீப்பு வைத்து வாரி, நெற்றியில் ஒரு சுருள் வேறு விட்டிருந்தான். மறுபடி யன்னலால் பார்த்தேன். கனகு அண்ணையின் புருவமும் இருந்த இடம் தெரியாமல் இருந்தது. அம்மனுக்குத் தலைமயிரைத்தான் கொடுப்பார்கள், புருவத்தை யாரும் நேர்ந்துகொள்வதில்லை.

எனக்கு விளங்கிவிட்டது. விளங்கியதைக் கேட்டு உறுதிப்படுத்த வேண்டும், கேட்பதுதான் கஷ்டம். வாங்கில் இருந்த எல்லாரும் ஒருவருக்கு ஒருவர் சொந்தம். கூடத்துக்குள்ளே உதவி வேலைக்கு இருந்த எங்கள் அற்றெண்டன்ற் பூமணி அக்கா நின்றார். அருமையான மனுசி, வேலைக்குக் கள்ளமில்லை. ஆனால் அவர் காதில் விழுந்தது மத்தியானப் பஸ்ஸுக்கு முன் புளியங்கூடல் போய்ச் சேர்ந்துவிடும் என்று நாங்கள் பகிடி பண்ணுவோம். அவரைத் தேத்தண்ணி வாங்கிவர அனுப்பினேன். பிறகு கதவைத் திறந்து, எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னேன்.

"கனகு அண்ணை, உங்கட ரத்தம் குழாயிலை உறைஞ்சு போச்சு. இன்னொருக்கா எடுக்க வேணும், உள்ளை வாங்கோ."

தேவையான பொய்யை உரத்த குரலில் சொல்ல வேண்டும், மெதுவாகச் சொன்னால் சனம் காதைத் தீட்டும். கனகு அண்ணை வந்து கதிரையில் இருந்து கையை நீட்டினார். கதவைச் சாத்தினேன்.

"அண்ணை, மொட்டை எப்ப அடிச்சனீங்கள்?"

"திருவிழாவுக்கு, மிஸ். மகளின்ரை அலுவலா."

"இந்தத் தம்பியும் திருவிழாவுக்குத்தான் அடிச்சவர்."

அவர் சுதனின் தலையைப் பார்த்தார். அந்தச் சுருளைப் பார்த்தார். நீட்டிய கையை மடித்து மடியில் வைத்துக்கொண்டார். சுதன் ஏதோ பிழை செய்துவிட்டவன்போலத் தன் தலையைத் தடவினான்.

"ஆருக்கும் சொல்லாதேங்கோ, மிஸ்," என்றார் கனகு அண்ணை. அந்தப் பெரிய குரல் எங்கே போனது என்று தெரியவில்லை.

"நான் வெளியாக்கள் ஆருக்கும் சொல்லமாட்டன். ஆனா எனக்கு நீங்கள் சொல்ல வேணும். எங்கை மருந்து எடுக்கிறீங்கள்?"

சொன்னார். கழுத்தில் கட்டி வந்து, நிணநீர்க் கணுவில் புற்றுநோய் என்று கண்டுபிடித்து, பட்டணத்தில் மருந்து ஏற்றிக்கொண்டிருந்தார்கள். மருந்து ஏற்றி ஏற்றி வெள்ளைக் கலங்கள் விழுந்துபோனதால், அதைக் கூட்டுவதற்கு வயிற்றில் போடும் ஊசியும் கொடுத்திருந்தார்கள்.

"ஊசி ஆர் போடுறது?"

"என்ரை மனுசிதான். அவ ஆட்டுக்கு ஊசி போட்டுப் பழகினவ. முந்தநாள்தான் கடைசி ஊசி."

எனக்குச் சிரிப்பும் வந்தது, நெஞ்சும் லேசானது. அந்த ஊசி மச்சையைத் தட்டி எழுப்பும் ஊசி. எழும்பிய மச்சை அவசரத்தில் முதிராததுகளையும் சேர்த்து வெளியே விடும். நாங்கள் தட்டில் பார்த்த அத்தனைக்கும் அது காரணமாக இருக்கலாம். ஈமோகுளோபினும் சிறுதட்டுகளும் குறைந்ததற்குப் பட்டணத்தில் ஏற்றிய மருந்தே போதும்.

"இதை ஏன் டொக்டரிட்டைச் சொல்லேல்லை?"

"டொக்டரின்ரை அறையிலை எத்தினை பேர் நிண்டவை எண்டு உங்களுக்குத் தெரியாதே? வாற ஞாயிற்றுக்கிழமை மகளைப் பொம்பிளை பாக்க வருகினம். பெடியன் வாத்தியார், நல்ல பெடியன். உங்கட பூமணியக்கா பெடியின்ரை தாய்க்குச் சின்னம்மா முறை. தேப்பனுக்குக் கான்சர் எண்டா என்ரை பிள்ளையை ஆர் எடுப்பினம்? குடும்ப வருத்தம் எண்டுவினம். பட்டணத்திலை ரத்தம் பாக்கச் சொன்னவை. போய் வந்தா நான் ரண்டு நாள் எழும்பமாட்டன், ஞாயிற்றுக்கிழமைக்கு நிமிந்து நிக்க வேணுமெண்டுதான் இங்கை வந்தனான்."

பிறகு நிலத்தைப் பார்த்துக்கொண்டு கேட்டார்.

"இன்னொருக்கா ரத்தம் எடுக்க வேணுமெண்டா, அது கூடிப்போச்சோ, மிஸ்? உண்மையைச் சொல்லுங்கோ."

பிள்ளைகளே, இந்த இடத்தில் நிதானமாக இருங்கள். ஆறுதலாக ஒரு சொல் சொல்லிவிட நாக்கு துடிக்கும். ஒன்றுமில்லை அண்ணை, எல்லாம் ஊசியின் வேலை என்று சொல்லியிருக்கலாம், எனக்கு அந்த நம்பிக்கையும் இருந்தது. ஆனால் என் நம்பிக்கை ஒரு சோதனை முடிவு ஆகாது. நான் சொன்னது இவ்வளவுதான்: "எனக்கு இப்ப தெரியாது. தெரிஞ்ச ஆக்களிட்டைக் கேட்டுக்கொண்டு வாறன். அதுவரைக்கும் இதிலையே இருங்கோ, வெளியிலை போகவேண்டாம்."

டொக்டரிடம் நானே நடந்து போனேன், அறையில் இருந்தவர்களை அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்திச் சொன்னேன். அவர் அந்த இலக்கங்களைப் பார்த்ததும் அம்புலன்ஸுக்குச் சொல்லக் கையை நீட்டிவிட்டார். அதில் பிழையே இல்லை. அம்புலன்ஸ் வந்திருந்தால் குறிகட்டுவான் இறங்குதுறை முழுக்க அன்று கனகு அண்ணையின் கதைதான் நடந்திருக்கும், அவரும் நோய் முற்றிவிட்டது என்றே நினைத்திருப்பார். ஊசி விசயத்தைச் சொன்னதும் டொக்டர் கையை எடுத்து, மருந்து கொடுக்கிற இடத்துக்குத் தொலைபேசி எடுத்தார். நான் எங்கள் இரத்தவியல் நிபுணருக்கு எடுத்தேன்.

"ஆள் எப்பிடி இருக்கிறார்?"

"காய்ச்சல் இல்லை. இருந்து சிரிச்சுக் கதைச்சுக்கொண்டிருந்தவர். முந்தநாள் வரையும் ஊசி போட்டவர்."

"அதை முதலிலை சொல்லியிருக்கலாமே," என்றார். அவர் வாயில் அது பாராட்டு. இரண்டு பக்கமும் ஒரே பதில்தான் வந்தது: ஊசிக்கு மச்சை நன்றாக எழும்பியிருக்கிறது, இப்போதைக்கு இது நல்ல அறிகுறி, ஊசியின் வேகம் தணிந்தபின் அடுத்த கிழமை இன்னொரு தரம் பார்த்துவிட்டு மருந்தைத் தொடரலாம்.

திரும்பி வந்து சொன்னேன். டொக்டர் சொன்னதை அப்படியே சொன்னேன், கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. கனகு அண்ணை தொப்பியை முகத்தில் வைத்துக்கொண்டு அழுதார். சுதன் என்ன செய்வது என்று தெரியாமல் மின்விசிறியை அவர் பக்கம் திருப்பிவிட்டான். அந்தப் பெடியனை எனக்கு அன்றைக்குத்தான் மிகவும் பிடித்துப்போனது.

அவர் போனபிறகு எனக்கு ஒரு கவலை மிஞ்சியது. பூமணி அக்கா தேத்தண்ணியோடு வரும்போது கனகு அண்ணை சிவந்த கண்ணோடு வெளியே போனதைப் பார்த்துவிட்டார். அவரைத் தனியே கூப்பிட்டு, எங்கள் கூடத்துக்குள் நடப்பது வெளியே போகக்கூடாது என்று ஒரு பிரசங்கம் வைத்தேன். பொறுமையாகக் கேட்டார்.

"மிஸ், உங்கட ரிப்போட்டு எனக்குத் தெரியாது, தெரியவும் வேண்டாம்," என்றார். "ஆனா அவருக்கு என்ன வருத்தம் எண்டு எனக்குத் திருவிழாவோடையே தெரியும். பேரனுக்கு மொட்டை அடிக்கவெண்டு காலமை துவக்கம் நான் அந்த இடத்திலைதான் நிண்டனான். கனகு அங்காலை வரவேயில்லை, வரேக்கையே மொட்டையோடைதான் வந்தவர். ஒவ்வொருக்காப் பட்டணம் போயிட்டு வரேக்கையும் ஆள் துவண்டுபோய் வாறார். படகிலை போற சனத்துக்குக் கண் இல்லையே?"

"அப்ப மாப்பிள்ளை வீட்டுக்கு?"

"மாப்பிள்ளையின்ரை தாய்க்கும் தெரியும். நானே சொன்னனான். அவ என்ன சொன்னவ தெரியுமே? அந்த மனுசன் தானாய்ச் சொல்லுமட்டும் ஒருத்தரும் வாய் திறக்கப்படாது, திறந்தா என்ரை வீட்டுப் படி ஏறவேண்டாம் எண்டு. நான் இவ்வளவு காலமும் வாயைப் பொத்திக்கொண்டு இருக்கிறன், மிஸ். நீங்கள் என்னடாவெண்டா எனக்குப் பாடம் எடுக்கிறீங்கள்."

நான் தேத்தண்ணியைக் குடித்தேன். ஆறிப்போயிருந்தது. கனகு அண்ணையைக் கூப்பிட்டு, பயப்படாதீர்கள், அவர்களுக்கு எல்லாம் தெரியும் என்று சொல்லலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். சொல்லவில்லை. கண்ணாடித் தட்டில் தெரிவதைச் சொல்லத்தான் எங்களுக்கு உரிமை இருக்கிறது, அதையும் உரியவரிடம் மட்டும். மற்றது அந்த இரண்டு வீட்டாரின் சொத்து.

அடுத்த கிழமை அவர் மறுபடி வந்தார். இந்தமுறை இரத்தம் எடுத்ததும், தட்டைப் பார்த்ததும் சுதன்தான். முதிராததுகள் போய்விட்டிருந்தன. குருதிச் சிறுதட்டுகள் ஏறியிருந்தன. சுதன் என்னைக் கூப்பிட்டுக் காட்டியபோது அவன் முகத்தில் இருந்த சந்தோசத்தை நீங்களும் ஒருநாள் அனுபவிக்க வேண்டும். அதற்காகவே இந்தத் தொழிலுக்கு வரலாம். டொக்டர் மருந்தைத் தொடரலாம் என்று எழுதிக் கொடுத்தார்.

கனகு அண்ணை போகவில்லை. சொல்ல ஏதோ இருந்தது. பூமணி அக்கா அறைக்குள் நிற்பதையும் அவர் இப்போது பொருட்படுத்தவில்லை.

"ஞாயிற்றுக்கிழமை அவை வந்தவை, மிஸ். பிள்ளையைப் பாத்தினம், பலகாரம் சாப்பிட்டினம், எல்லாம் சரி. எழும்புற நேரம் என்னாலை ஏலாமல் போச்சு. பொய்யிலை ஒரு கலியாணத்தைத் தொடங்கிப் போட்டு நான் எப்பிடி நிம்மதியாப் படுக்கிறது? பெடியின்ரை தாயைக் குசினிப் பக்கம் கூப்பிட்டு எல்லாத்தையும் சொல்லிப்போட்டன்."

"அவ என்ன சொன்னவ?"

"பாவம், மனுசி திகைச்சுப்போனா. ஒரு கதிரையை இழுத்து எனக்குக் கிட்டப் போட்டு இருந்திட்டா. எப்ப வந்தது, எங்கை காட்டுறீங்கள், சாப்பாடு இறங்குதோ எண்டு ஒவ்வொண்டாக் கேட்டா. நான் துவக்கத்திலை இருந்து சொல்லச் சொல்ல அழுதுகொண்டு கேட்டா. கடைசியிலை, உங்கட மருந்து முடியட்டும், பேந்து நாள் வைப்பம், தேப்பன் நிண்டுதான் தாரை வாத்துக் குடுக்க வேணும் எண்டா."

அவர் தொப்பியைத் தலையில் போட்டுக்கொண்டார். குரல் பழையபடி படகுக் குரலாகியிருந்தது.

"நான் மறைச்ச மறைப்பிலை அந்த மனுசிக்கு ஒரு சொட்டும் தெரியாது, மிஸ். நான் சொல்லித்தான் தெரியும்."

பூமணி அக்கா குழாய்களுக்குப் பெயர் ஒட்டிக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தவில்லை.

"ஓமோ," என்றார்.